சரத் தண்ணீர் ஊற்றினார்

சம்பந்தம் மாமாவின் வாயிலிருந்து கெட்ட செய்தி வந்து யாரும் கேட்டதில்லை. ஹைதராபாத் நாச்சாரத்தில் மருந்து பாட்டிலுக்கு மூடி செய்கிற சின்ன ஃபாக்டரி ஒன்றில் அவர் ஷிஃப்ட் சூப்பர்வைசர். மெஷின் அடியோடு நின்று, மெக்கானிக் கையை விரித்துவிட்டுப் போன பிறகும் முதலாளியிடம், "கொஞ்சம் மூச்சு வாங்குது சார், சரியாயிடும்" என்பார். ஒருத்தனை வேலையைவிட்டு நிறுத்தச் சொன்னால், கொஞ்ச நாள் வீட்டில் ரெஸ்ட் எடு என்று தட்டிக்கொடுத்து அனுப்புவார். அவன் ரெஸ்ட் முடிந்து டிபன் பாக்ஸோடு கேட்டில் வந்து நிற்பான். அன்றைக்கு மாமா லீவு போட்டிருப்பார்.

எங்கள் ஊர்ப்பக்கம் இதில் பாதி பழக்கம்தான். செத்துப்போனவரைச் செத்துப்போனார் என்று போனில் யாரும் சொல்ல மாட்டார்கள். "சீரியஸா இருக்காங்க, உடனே கிளம்பி வாங்க" என்பார்கள். கேட்கிறவருக்கு அந்த நிமிஷமே விளங்கிவிடும். விளங்கியதைக் காட்டிக்கொள்ளாமல் நாலு துணியை அள்ளிப் பையில் போட்டுக்கொண்டு கிளம்புவார். மாமா அதோடு நிறுத்துகிறவர் இல்லை. அவர் மனைவி மங்கையர்க்கரசி அத்தையின் அப்பா சீர்காழியில் இறந்தபோது, இங்கே ரயில் ஏறியதிலிருந்து "இப்ப கண்ணு முழிச்சிட்டாராம்", "கஞ்சி குடிச்சாராம்" என்று ஸ்டேஷனுக்கு ஸ்டேஷன் சொல்லிக்கொண்டே போயிருக்கிறார். விஜயவாடாவில் இறங்கி ஆரஞ்சு வாங்கிவந்து, "போனதும் ஜூஸ் புழிஞ்சு குடு" என்று அத்தையின் மடியில் வைத்திருக்கிறார். அத்தை அந்த ஆரஞ்சுப் பையோடுதான் பந்தல் போட்ட வாசலில் போய் இறங்கினார். இன்றைக்கும் அவர் ஆரஞ்சைக் கையால் தொடுவதில்லை.

நான் சபீனா. அவர்கள் வீட்டு மாடிப் போர்ஷனில் அம்மாவோடு குடியிருக்கிறேன். எங்களுக்கு நீடூர், அவர்களுக்குச் சீர்காழி. ஹைதராபாத்தில் இது ஒரே வீடு மாதிரிதான். செல்போன் விளையாட்டுகள் நடத்துகிற ஒரு கம்பெனியில், வருகிற புகார்களுக்குப் பதில் எழுதுவது என் வேலை. "போன் மாத்தினேன், என் கேம் போச்சு." நாள் முழுக்க இதுதான். ஆண்ட்ராய்டை விட்டு ஐபோனுக்குப் போனவர்கள், ஐபோனை விட்டு இந்தப் பக்கம் வந்தவர்கள், வருஷக்கணக்காகக் கட்டிய கோட்டையைக் காணோம் என்று அழுகிறவர்கள். "ஏற்பட்ட சிரமத்திற்கு வருந்துகிறோம்" என்று ஆரம்பித்து "மகிழ்ச்சியாக விளையாடுங்கள்" என்று முடிப்பேன். எனக்குப் பொறுமை கிடையாது. எழுத்தில்தான் வருந்துவேன், நேரில் கத்திவிடுவேன்.

மாமாவுக்கு இரண்டு பிள்ளைகள். மூத்தவள் அஸ்வினி, கல்யாணமாகி குகட்பள்ளியில் இருக்கிறாள். இளையவன் சரத். இங்கேயே பிறந்து வளர்ந்தவன். தமிழ் நன்றாகப் புரியும், பதில் மட்டும் தெலுங்கிலோ இந்தியிலோதான் வரும். அத்தை "இன்னொரு தோசை ஊத்தட்டாடா?" என்றால் "நக்கோ அம்மா" என்பான், வேண்டாம் என்று. இஞ்சினியரிங் சேர்ந்து, பாதிப் பேப்பரைப் பாக்கி வைத்துவிட்டு, கதவைச் சாத்திக்கொண்டு அறையில் கிடந்தான். மாமாவோ கேட்டவர்களிடமெல்லாம் பையன் ஃபைனல் இயர் படிக்கிறான் என்று சொல்லிக்கொண்டிருந்தார்.

அத்தையின் போனில் ஒரு தோட்ட விளையாட்டைப் போட்டுக் கொடுத்தது சரத்தான். தமிழில் வரும்படி மாற்றியும் வைத்தான். பூ நடலாம், காய் நடலாம், தினமும் தண்ணீர் ஊற்ற வேண்டும். பக்கத்துத் தோட்டக்காரர் வந்து ஊற்றினால் இரண்டு பங்கு பூக்கும். அம்மாவும் பிள்ளையும் பக்கத்துப் பக்கத்துத் தோட்டம் வைத்துக்கொண்டார்கள். வீட்டுக்குள் முகம் கொடுத்துப் பேசாத நாளிலும் தண்ணீர் மட்டும் போய்வரும். அவன் ஊற்றினால் அத்தையின் போனில் மணி அடித்து ஒரு வரி வரும்: "சரத் உங்கள் தோட்டத்துக்குத் தண்ணீர் ஊற்றினார்." அத்தை, "ஆமா, பெரிய கலெக்டரு, ஊற்றினாராம்!" என்று சிரிப்பார். தெரியாத ஆள் யாராவது பக்கத்துத் தோட்டம் கேட்டு ரிக்வெஸ்ட் அனுப்பினால் உடனே அழித்துவிட வேண்டும், ஏமாற்றுக்காரர்கள் ஜாஸ்தி என்று அம்மாவுக்குப் பாடம் எடுத்ததும் அவன்தான். அத்தை அதைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டார்.

இரண்டு வருஷத்துக்கு முன்னால், ரிசல்ட் வந்த ஒரு நாள், அத்தைக்குப் பொறுமை போய்விட்டது. மாடி வரைக்கும் கேட்டது. "உன்னைப் பெத்ததுக்கு ரெண்டு மாட்டை வளர்த்திருக்கலாம்! இந்த வீட்டுல இனிமே உனக்குச் சோறு கிடையாது, போ!" கோபத்தில் எந்த அம்மாவும் சொல்கிற வார்த்தைதான். என் அம்மா என்னை இதைவிடக் காரமாகத் திட்டியிருக்கிறார். ஆனால் மறுநாள் காலை சரத் வீட்டில் இல்லை.

எங்களுக்கெல்லாம் தெரிந்த கதை இவ்வளவுதான்: பையன் கோபித்துக்கொண்டு போய்விட்டான், போனை எடுத்துப் போனாலும் யார் அழைத்தாலும் எடுப்பதில்லை, ஆனால் எங்கிருந்தோ தினமும் அம்மாவின் தோட்டத்துக்குத் தண்ணீர் மட்டும் ஊற்றுகிறான். படியில் என்னைப் பார்க்கும்போதெல்லாம் அத்தை நிறுத்திச் சொல்வார், "இன்னிக்கும் ஊத்திட்டான்டி. பேச மாட்டேங்கிறான், ஊத்தாம இருக்க மாட்டேங்கிறான். ரோஷம் அப்படியே எங்க அப்பா மாதிரி." ஒருநாள் போனைத் திருப்பிக் காட்டினார். "இதப் பாரு. முன்னெல்லாம் கண்ட இடத்துல நட்டு வெப்பான். இப்ப எப்படி வரிசையா நடுறான் பாரு. பொறுப்பு வந்துடுச்சு." கத்திரிச் செடிகள் ஸ்கேல் வைத்துக் கோடு போட்டாற்போல நின்றன. நானும் அத்தைக்காகச் சந்தோஷப்பட்டேன்.

போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை, அத்தை தார்நாகாவில் ஒரு கிரகப்பிரவேசத்துக்குப் போயிருந்த நேரம், மாமா மாடி ஏறி வந்தார். கையில் துணிப்பை.

"சபீனாம்மா, வேலையா இருக்கியா?"

பையிலிருந்து இரண்டு போனை எடுத்து வைத்தார். ஒன்று ஐபோன். மருமகன் புதிது வாங்கிக்கொண்டதால் பழையதை அஸ்வினி அப்பாவுக்குக் கொடுத்திருக்கிறாள். இன்னொன்று நாள்பட்ட ஆண்ட்ராய்டு. உள்ளே பேட்டரி உப்பி, திரை ஒரு பக்கம் தூக்கிக்கொண்டிருந்தது. பிரிந்து விழாமலிருக்க ரப்பர் பேண்டு போட்டிருந்தார்.

"இதுல ஒரு தோட்டம் இருக்கு. அதை அப்படியே இந்த ஐபோனுக்குக் கொண்டாரணும். எங்க ஃபாக்டரியில ஒருத்தரோட போன். பாவம், கேட்டாரு."

போனைத் திருப்பினேன். பின்பக்கம் பாதி உரிந்த கிரிக்கெட் ஸ்டிக்கர். அதை அந்த போனோடு எத்தனை தடவை படிக்கட்டில் பார்த்திருக்கிறேன்.

"மாமா, இது சரத்தோட போன்."

"அதே மாதிரி போனும்மா..."

"மாமா!"

அவர் நாற்காலியில் உட்கார்ந்தார். வெகுநேரம் ரப்பர் பேண்டையே இழுத்து இழுத்து விட்டுக்கொண்டிருந்தார். பிறகு சொன்னார். அவர் வாழ்நாளில் ஒரு விஷயத்தைப் பூசி மெழுகாமல் சொன்னது அன்றைக்குத்தான் என்று நினைக்கிறேன்.

சரத் போனை எடுத்துக்கொண்டு போகவில்லை. தலையணைக்கு அடியில் விட்டுவிட்டுப் போயிருக்கிறான். முதலில் பார்த்தது மாமா. போனையே வேண்டாம் என்று போட்டுவிட்டுப் போன பிள்ளை என்ன செய்துகொள்வானோ என்று அவருக்கே பயம் வந்திருக்கிறது. அத்தை பார்த்தால் தாங்க மாட்டாள் என்று அதைச் சட்டைக்குள் ஒளித்துவிட்டார். "போனை எடுத்துக்கிட்டுத்தான் போயிருக்கான், சைலண்ட்ல போட்டு வெச்சிருக்கான்" என்று சொல்லிவிட்டார். நண்பர்கள் வீடெல்லாம் அலைந்து, ஒன்றும் தெரியாமல் வந்து, ஏதாவது துப்புக் கிடைக்குமா என்று ஃபாக்டரியில் உட்கார்ந்து போனைத் திறந்திருக்கிறார். ஒவ்வொன்றாகத் தட்டிப் பார்த்ததில் தோட்டம் திறந்துகொண்டது. பக்கத்துத் தோட்டத்தில் எதையோ தொட்டிருக்கிறார். கொஞ்ச நேரத்தில் அவர் சொந்த போன் அடித்தது. அத்தை.

"என்னங்க, சரத் இருக்கான்ங்க! தண்ணி ஊத்தியிருக்கான்ங்க! எம்புள்ளை எனக்குத் தண்ணி ஊத்தியிருக்கான்ங்க!" என்று கதறிச் சிரித்தாராம்.

"நான் என்னம்மா சொல்றது அப்ப? மூணு நாளா பச்சைத் தண்ணிகூடக் குடிக்காம கிடந்தா. அன்னிக்குத்தான் எழுந்து குளிச்சா, சோறு வடிச்சா. அவ பசியாறட்டும், நாளைக்குச் சொல்லிக்கலாம்னு இருந்தேன்."

நாளைக்கு என்றது இரண்டு வருஷம் ஆகிவிட்டது. தினமும் சாப்பாட்டு இடைவேளையில், மூடிகள் குவித்துவைக்கும் அறையில் நின்றபடி, தன் பிள்ளையாகி மனைவிக்குத் தண்ணீர் ஊற்றியிருக்கிறார். சும்மா ஊற்றிவிட்டு வந்தால் சந்தேகம் வருமோ என்று செடிகளும் நட்டிருக்கிறார். ஃபாக்டரித் தட்டில் மூடி அடுக்கிப் பழகிய கை, வரிசையாகத்தான் நடும்.

"போலீஸ்ல சொன்னீங்களா?"

இல்லை என்று தலையை ஆட்டினார். "அவதான் வேணாம்னா. புள்ளை இருக்கான்னு தெரிஞ்சுபோச்சு, போலீசு அது இதுன்னா இன்னும் தூரமா போயிடுவான்னா. நான் போலீசுக்குப் போனா போன் எங்கேன்னு கேப்பாங்க. போனைக் காட்டினா..."

"அப்ப ரெண்டு வருஷமா அவனை யாருமே தேடலையா மாமா? ஒருத்தர்கூடவா?"

"அவ நிம்மதியா இருந்தாம்மா" என்றார்.

கத்தினேன். பெரியவர், வீட்டுக்காரர் என்றெல்லாம் பார்க்கவில்லை. கீழே யாருமில்லாதது நல்லதாகப் போயிற்று. நீங்கள் செய்தது பாவம் என்றேன். கடைசியில் அவர், "இந்த போன் நின்னுபோச்சுன்னா தண்ணியும் நின்னுபோகும். புள்ளை செத்துட்டான்னு நினைச்சுக்குவா. அவ போய்ச் சேந்துடுவாம்மா" என்று கைகூப்பினார். அந்தக் கையைப் பார்க்க எனக்குப் பிடிக்கவில்லை.

ஒரு நிபந்தனை போட்டேன். தோட்டத்தை மாற்றித் தருகிறேன். மாற்றியதும் அத்தையிடம் உண்மையைச் சொல்லிவிட்டு நாளைக்கே போலீசுக்குப் போக வேண்டும். அவர் உடனே சரி என்றார். அவர் எதற்கும் உடனே சரி சொல்கிறவர்தான்.

சரத் மெயில் எதுவும் கொடுக்காமல் விளையாடியிருந்தான். அதனால் தோட்டத்துக்கு அந்த போனை விட்டால் வேறு வீடில்லை. போன் செத்தால் தோட்டமும் சாகும். மெயில் கொடுத்திருந்தால் எந்த போனிலும் திறந்துகொள்ளலாம். இப்போதைக்கு ஒரு வழிதான் இருந்தது. பழைய போனில் "தோட்டத்தை இடம் மாற்று" என்பதை அழுத்தினால் ஒரு குறியீடு வரும், அதைப் புதிய போனில் போட வேண்டும். ஒரு தடவைதான் செல்லும். நடுவில் போன் அணைந்தால் அவ்வளவுதான்.

"சேத்துவெச்ச தங்கக் காசெல்லாம் வராது மாமா. ஆண்ட்ராய்டுல வாங்கினது ஐபோனுக்குத் தாண்டாது. செடியும் பக்கத்துத் தோட்டக்காரங்களும் வருவாங்க."

"அவ தோட்டம் பக்கத்துல இருந்தா போதும்."

போனைச் சார்ஜில் போட்டு வெறும் தரையில் வைத்தோம். அடுப்புக்கல் போலச் சுட்டது. தோட்டத்தைத் திறந்ததும் மேலே ஒரு மூலையில் மணிப்படம், அதன்மேல் சிவப்பில் ஒரு எண். தட்டினேன். "கடிதங்களைப் படிக்க விளையாட்டைப் புதுப்பிக்கவும்" என்று வந்தது. கீழே "பிறகு" என்றொரு பொத்தான்.

"அது தினம் வரும், 'பிறகு'ன்னு போட்டுடு" என்றார் மாமா. "புதுப்பிச்சா எல்லாம் அழிஞ்சுபோகும்னு யாரோ சொன்னாங்க. அதான் நான் அதுல கையே வெக்கலை. கடிதம்னா எல்லாம் அவ போடுறதுதான். சாப்டியான்னு கேட்டு எழுதுவா. எங்கிட்டயே சொல்லுவா."

புதுப்பித்தால் எதுவும் அழியாது. நான் அதைச் சொல்லவில்லை, குறியீடு வரட்டும் என்று பார்த்துக்கொண்டிருந்தேன். வந்தது. ஒவ்வொரு எழுத்தாக ஐபோனில் போட்டேன். பழைய போனில் தோட்டம் மறைந்து, "இந்தத் தோட்டம் இடம் மாறிவிட்டது" என்ற ஒரு வரி நின்றது. ஐபோனில் சக்கரம் சுற்றிக்கொண்டே இருந்தது. மாமா வாய்க்குள் திருநீற்றுப் பதிகமோ ஏதோ முணுமுணுத்தார். என் பங்குக்கு நான் பிஸ்மில்லா சொன்னேன். அப்புறம் வரிசை வரிசையாகக் கத்திரிச் செடிகள் தெரிந்தன, பக்கத்தில் அத்தையின் செவ்வந்தித் தோட்டம்.

"வந்துட்டான்!" என்றார் மாமா. கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

ஐபோனில் இருந்தது புது விளையாட்டு. மணிப்படத்தின் மேல் அதே சிவப்பு எண். படிக்காத கடிதத்தைப் பார்த்தால் திறந்துவிடும் கை எனக்கு, வேலை அப்படி. தட்டினேன், பெட்டி திறந்துகொண்டது.

மாமா சொன்னது சரிதான். எல்லாம் அத்தை எழுதியது. "சாப்டியா." "இங்க மழை, நனையாத." "பொங்கலுக்கு உனக்கும் சேத்து வெச்சேன்." "அம்மா தெரியாம சொல்லிட்டேன்டா." நான் கீழே தள்ளிக்கொண்டே போனேன். மாமா பக்கத்தில் தலையை நீட்டிப் படித்துக்கொண்டு வந்தார். போன வருஷத்து மழைக்காலத்துக்குப் போனபோது, அத்தையின் கடிதங்களுக்கு நடுவே வேறு ஒரு பெயர் வந்தது. "சரத் 2." படமில்லை. பக்கத்துத் தோட்டம் கேட்டு ஒரு ரிக்வெஸ்ட், அதன் கூடவே சில கடிதங்கள்.

முதல் கடிதம் தெலுங்கில், ஆங்கில எழுத்தில். "எவரு நுவ்வு? இதி நா கார்டன்." நீ யார், இது என் தோட்டம் என்று.

சில நாள் கழித்து ஒரே சொல். "அப்பா?"

அடுத்தது இந்தியில், அதே ஆங்கில எழுத்தில். எனக்குத் தெரியும் நீங்கள்தான் என்று, கத்திரியை இப்படி வரிசையாக வேறு யாரும் நட மாட்டார்கள். ஃப்ரெண்டின் போனிலிருந்து எழுதுகிறேன். அம்மாவுக்கு இன்னும் கோபமா? வீட்டுக்கு வரட்டுமா? இதிலேயே பதில் போடுங்கள்.

பிறகு, பதில் போடுங்கள் என்று மட்டும். மறுபடியும் அதேதான். பிறகு, அம்மாவுக்கு ரிக்வெஸ்ட் அனுப்பினேன், அழித்துவிட்டார், இன்னொரு தடவை அனுப்பினேன், அதையும் அழித்துவிட்டார் என்று.

கடைசிக் கடிதமும் ஆங்கில எழுத்தில்தான், ஆனால் தமிழில் இருந்தது. அவன் தமிழில் பேசி நான் ஒரு தடவைகூடக் கேட்டதில்லை.

"சரிப்பா. அங்க ஒரு சரத் இருக்கான்ல. போதும்."

அதற்கப்புறம் அவனிடமிருந்து ஒன்றும் இல்லை. மேலே முழுக்க அத்தையின் "சாப்டியா"தான். அந்த ரிக்வெஸ்ட் இன்னும் அப்படியே காத்துக்கொண்டிருந்தது. ஏற்றுக்கொள் என்பதை அழுத்தினேன். அவன் தோட்டம் திறந்தது. நாலு பாத்தி, எல்லாம் காய்ந்து பழுப்பாகக் கிடந்தது. தோட்டக்காரர் கடைசியாக வந்தது ஒரு வருடத்துக்கு முன்பு என்று காட்டியது.

மாமா ஐபோனை வாங்கி அந்தக் கடிதங்களைத் திரும்பத் திரும்ப மேலும் கீழும் தள்ளினார். அவர் தினமும் "பிறகு" என்று தள்ளிவைத்த பெட்டிக்குள் பிள்ளை நின்று கதவைத் தட்டியிருக்கிறான். கடைசியில், "ஒண்ணும் ஆயிருக்காது. போன் குடுத்தவன் திருப்பி வாங்கிட்டுப் போயிருப்பான்" என்றார்.

அவர் சொன்னது நிஜமாக இருக்க வேண்டும் என்று முதல்முறையாக நான் வேண்டிக்கொண்டேன். போன் மாறியிருக்கும், தோட்டம் கூட வராமல் போயிருக்கும். தினமும் எத்தனை பேர் எனக்கு அப்படி எழுதுகிறார்கள். அவர்களெல்லாம் உயிரோடுதானே இருக்கிறார்கள்.

கீழே கேட் திறந்தது. அத்தை தாம்பூலப் பையோடு நேராக மாடிக்கே ஏறி வந்துவிட்டார்.

"இங்கதான் இருக்கீங்களா? ஏங்க, இன்னிக்கு சரத் இன்னும் தண்ணி ஊத்தலைங்க. விசேஷ வீட்டுல எனக்குச் சாப்பாடே இறங்கலை. உடம்பு கிடம்பு சரியில்லையோ?"

"ஊத்துவான், ஊத்துவான். நெட்டு கிடைச்சிருக்காது" என்றார் மாமா. ஐபோன் அவர் கையிலேயே இருந்தது.

"மாமா, நீங்க சொல்றீங்களா, நான் சொல்லட்டுமா?" என்றேன்.

அவர் எழுந்தார். அத்தையின் கையைப் பிடித்து என் நாற்காலியில் உட்காரவைத்தார். அவருக்குக் கெட்ட செய்தி சொல்லத் தெரிந்த விதம் ஒன்றே ஒன்றுதான்.

"மங்கை... சரத் விஷயம் கொஞ்சம் சீரியஸ்."

அத்தையின் முகம் செத்துவிட்டது. தாம்பூலப் பை கீழே விழுந்து தேங்காய் உருண்டு ஓடியது. அந்தச் சொல்லுக்கு எங்கள் ஊரில் என்ன அர்த்தம் என்று எனக்கும் தெரியும். "இல்ல அத்தை! அப்படி இல்ல! இதப் படிங்க!" என்று கத்தி, மாமாவின் கையிலிருந்து போனைப் பிடுங்கி அத்தையிடம் கொடுத்தேன். அவசரத்தில் எல்லாவற்றையும் கொட்டினேன்: தலையணைக்கு அடியில் இருந்த போன், ஃபாக்டரி, வரிசைக் கத்திரி, எல்லாம். மாமா நடுவில் ஒரு தடவை "அவ மனசு..." என்று ஆரம்பித்து நிறுத்திக்கொண்டார்.

இந்தியும் தெலுங்கும் அத்தைக்குப் பேசத் தெரியும், ஆங்கில எழுத்தில் படிக்க வராது. நான் ஒவ்வொன்றாகப் படித்துச் சொன்னேன். ரிக்வெஸ்ட் அழித்ததைப் படித்தபோது கையை உயர்த்தி நிறுத்தச் சொன்னார்.

"நாந்தான் அழிச்சேன்" என்றார். "சரத்துன்னு பேரு போட்டு எவனோ வந்தான். எம்புள்ளை பேரை வெச்சு ஏமாத்த வந்திருக்கான்னு அழிச்சேன். ரெண்டாவது தடவை வந்தப்ப திட்டிக்கிட்டே அழிச்சேன். எம்புள்ளைதான் தினம் வரானே, நீ யாருடான்னு."

அவர் அழவில்லை. மாமாவைப் பார்த்து, "அன்னிக்கு ஆரஞ்சு வாங்கிக் குடுத்தீங்க" என்றார். அதிலிருந்து இன்றுவரை அவரிடம் பேசவில்லை.

மறுநாள் மாமாவோடு நானும் போலீஸ் ஸ்டேஷனுக்குப் போனேன். எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்த எஸ்.ஐ. பேனாவைக் கீழே வைத்துவிட்டு, "கைக்கு சாப் இத்னே தின் சுப் பைட்டே?" என்றார். இத்தனை நாள் ஏன் சும்மா இருந்தீர்கள் என்ற கேள்விக்கு மாமா பூசி மெழுகிப் பதில் சொல்லவில்லை. "என் தப்புதான் சார். நான் பொய் சொன்னேன்" என்றார். எழுதிக்கொண்டார்கள். சரத்தின் பழைய போட்டோ ஒன்றை வாங்கிவைத்துக்கொண்டார்கள். புது போட்டோ எங்களிடம் இல்லை.

அந்தத் தோட்ட விளையாட்டை நடத்துகிற கம்பெனிக்கு நான் எழுதினேன். எங்கள் கம்பெனி இல்லை, வேறு. "சரத் 2" என்ற தோட்டம் எந்த ஊரிலிருந்து, எந்த போனிலிருந்து திறக்கப்பட்டது என்று மட்டும் சொல்லுங்கள், காணாமல் போன பிள்ளை என்று கெஞ்சி எழுதினேன். மற்றொரு பயனரின் விவரங்களைத் தர இயலாது என்று பதில் வந்தது. ஏற்பட்ட சிரமத்திற்கு வருந்துகிறார்களாம். மகிழ்ச்சியாக விளையாட வேண்டுமாம். எழுதிய ஆள்மேல் எனக்குக் கோபம் வரவில்லை. அந்த நாற்காலியில் நான் இருந்திருந்தாலும் அதைத்தான் எழுதியிருப்பேன். போலீஸ் மூலமாகக் கேட்டிருக்கிறோம். அதற்கு இன்னும் பதில் இல்லை.

மாமா வேலைக்குப் போய்வருகிறார். சாப்பாட்டு இடைவேளையில் என்ன செய்கிறார் என்று நான் கேட்கவில்லை. ஐபோன் அத்தையிடம் இருக்கிறது. கத்திரி வரிசைகளை அவர் தொடவில்லை, அவை காய்ந்துகொண்டு வருகின்றன. "சரத் 2"வின் நாலு பாத்திக்கு மட்டும் காலையில் எழுந்ததும் தண்ணீர் ஊற்றுகிறார். காய்ந்துபோன பாத்திக்குப் பக்கத்துக்காரர் ஊற்றினால் பச்சை வரும், ஆனால் பூக்காது. பூக்க வேண்டுமானால் தோட்டக்காரரே வர வேண்டும்.

இப்போது அத்தை எந்த ரிக்வெஸ்டையும் அழிப்பதில்லை. யார் கேட்டாலும் ஏற்றுக்கொள்கிறார். எந்தெந்த நாட்டுக்காரர்களோ, படமில்லாத பெயர்கள், எண்ணை மட்டும் பெயராக வைத்திருப்பவர்கள். பக்கத்துத் தோட்டங்கள் பெருகிப் பெருகி அவர் திரையில் இடமில்லை. எல்லோருக்கும் தண்ணீர் ஊற்றி, எல்லோருக்கும் "சாப்டியா" என்று தமிழில் எழுதிப் போடுகிறார்.

நேற்று ஒருவரிடமிருந்து ஏதோ பாஷையில் பதில் வந்திருந்தது. அத்தை போனை எடுத்துக்கொண்டு மாடிக்கு ஓடி வந்தார். மூச்சு இரைத்தது. "என்ன எழுதியிருக்கான் பாருடி சீக்கிரம்."

மொழிபெயர்ப்பில் போட்டுப் பார்த்தேன். "சாப்பிட்டேன். நீங்கள் யார்?" என்றிருந்தது.

படித்துச் சொன்னேன். அத்தை போனை வாங்கிக்கொண்டு என் கட்டிலில் உட்கார்ந்தார். ஒவ்வொரு எழுத்தாகத் தேடித் தேடித் தட்டினார்: "சரத்தோட அம்மா."